கீழே போன கதவு

அன்புள்ள பெரியவனுக்கு அம்மா எழுதிக்கொள்வது. நீயும் உன் மனைவியும் அங்கே நல்லபடியாக இருக்கிறீர்கள் என்று நினைத்துக்கொள்கிறேன், அப்படியே இருங்கள். இங்கே யாவரும் நலம் என்று எழுதித்தான் எனக்குப் பழக்கம், இந்தத் தடவை கை வரவில்லை. யாவரும் என்று சொல்ல இங்கே மிச்சம் இருப்பது நானும் உன் தம்பியும் மட்டும்தான், எங்கள் இரண்டு பேரில் நலம் எங்கே ஒட்டிக்கொண்டிருக்கிறது என்று நீயே வந்து தேடிப் பார்த்தால்தான் உண்டு. போன் இருக்க இதென்ன கடிதம் என்று யோசிப்பாய். போனில் நான் வாயைத் திறந்தால் நீ அழுகிறாய், நீ அழுதால் நானும் அழுகிறேன், நடுவில் லைன் போய்விடுகிறது, இல்லாவிட்டால் உனக்கு வேலைக்கு நேரமாகிவிடுகிறது, அப்புறம் பேசறேம்மா என்று வைத்துவிடுகிறாய். கடிதத்தை அப்படி வைக்க முடியாது, வைத்தாலும் அங்கேயே கிடந்து உன் முகத்தைப் பார்த்துக்கொண்டிருக்கும். சுற்றி வளைக்காமல் விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உன் தம்பியை உன்னோடு கூப்பிட்டுக்கொள். இந்த ஒரு காரியத்துக்காகத்தான் இத்தனையும் எழுதுகிறேன். அப்பாவை எடுத்த குழிக்குள்ளேயே இறங்குகிறேன் என்று தினமும் வந்து நிற்கிறான். நீ வேலை பார்க்கிற கிடங்கில் ஆள் எடுப்பார்கள், மானேஜரிடம் கேட்டுப் பார்க்கிறேன் என்று நீ சொல்லி ஒரு மழைக்காலம் போய்விட்டது. கேட்டாயா, மறந்தாயா, கேட்க வெட்கப்பட்டாயா, எனக்குத் தெரியாது. இப்போது கேள்.

நீ போனில் திரும்பத் திரும்ப ஒரே கேள்வி கேட்டாய். பழைய சுரங்கத்துலதான் ஒண்ணுமே இல்லைன்னு அப்பாவே சொன்னாரே, அங்க அவருக்கு என்ன வேலை என்றாய். நம் தெருத் தையல்காரரிடம் கேட்டாய், அவர் பூசி மெழுகினார். தம்பியிடம் கேட்டாய், அவன் போனை என் கையில் கொடுத்துவிட்டு வெளியே போய்விட்டான். நானும் அன்றைக்கு ஏதோ சொல்லி மழுப்பினேன். உன்னிடம் மறைத்து வைத்து எனக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை, சொல்லிவிடுகிறேன். ஆனால் அது உனக்குப் புரிய வேண்டுமானால் இந்த வீடு இப்போது எப்படி இருக்கிறது என்று தெரிய வேண்டும். நீ போனில் பார்த்த வீடு வேறு.

நீ போகும்போது எல்லோரும் மலையில் கல் தோண்டிக்கொண்டிருந்தார்கள், நீயும்தான் அப்பாவுக்குக் கயிறு பிடித்தாய், அந்தக் கல்லின் தூசு உன் நெஞ்சில் இன்னும் இருக்கிறது, காலையில் இருமுகிறாய் என்று போனிலேயே கேட்கிறது, அதை ஒரு டாக்டரிடம் காட்டு. மலையைக் கம்பெனி வளைத்துப் போட்டதும், வேலிக்குள் நாயும் ஆளும் காவல் வைத்ததும் உனக்குத் தெரியும். அப்புறமும் வேலியைத் தாண்டிப் போனவர்கள் கை கால் உடைந்து வந்தார்கள், வராமலே போனவர்களும் உண்டு. எல்லோரும் வேலை இல்லாமல் முகத்தை முகம் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோதுதான் தையல்காரர் வீட்டில் கக்கூஸுக்குக் குழி வெட்டினார்கள். மலையில் கிடைத்த அதே கறுப்புக் கல், பேட்டரிக்குப் போகிறதே அதே கல், அவர் கக்கூஸில் வந்து நின்றது. மலையின் கால் நம் தெருவுக்கு அடியில் நீண்டு கிடக்கிறதாம். அவ்வளவுதான், தெருவில் அத்தனை பேருக்கும் ஒரே வாரத்தில் கக்கூஸ் தேவைப்பட்டுவிட்டது. அதிகாரி ஒருவர் வந்து பார்த்து, ஏன்யா இந்தத் தெருவுக்கு மட்டும் வயிறு சரியில்லையா என்று கேட்டுவிட்டு, கொடுத்ததை வாங்கிக்கொண்டு போனார். நம் வீட்டில் அப்பா பின் அறையில், நாங்கள் படுக்கிற இடத்திலேயே பாயைச் சுருட்டி வைத்துவிட்டுத் தோண்டினார். நான் கத்தினேன், என் பேச்சு இந்த வீட்டில் என்றைக்கு எடுபட்டது. சுத்தியல் சத்தம் வெளியே கேட்கக்கூடாது என்று பகலெல்லாம் வீட்டுக்கு வீடு பாட்டு அலறும். புதிதாக வருகிறவன் எவனும் இதென்ன இவ்வளவு சந்தோஷமான தெரு என்றுதான் நினைப்பான்.

முதலில் தெருப் பக்கமாக ஒரு சுரங்கம் ஓட்டினார். தவழ்ந்து போகிற உயரம், உள்ளே காற்றே கிடையாது, ஒருத்தர் உள்ளே போனால் இன்னொருத்தர் மேலே நின்று பிளாஸ்டிக் பையை விரித்து விரித்துக் காற்றை அனுப்ப வேண்டும். அந்த வேலை என்னுடையது. கல்லைக் கழுவுகிற வேலையும் என்னுடையது, என் உள்ளங்கைத் தோல் வெங்காயம் மாதிரி உரிகிறது, மோதிரம் போடுவதை விட்டுவிட்டேன். அந்தச் சுரங்கத்தில் கொஞ்ச காலம் கல் வந்தது, பிறகு வெறும் மண்தான். அதனால் அதை அப்படியே விட்டுவிட்டுக் கொல்லைப் பக்கமாக இன்னொன்று ஓட்டினார். குழிக்கு வாய் ஒன்று, வயிறு இரண்டு, அதைத்தான் பழைய சுரங்கம், புது சுரங்கம் என்கிறோம்.

இப்போது மரத்துக்கு வருகிறேன், இதைக் கவனமாகப் படி. மண்ணுக்கு அடியில் ஓட்டினால் மேலே சரியாமல் இருக்க மரத்தில் முட்டுக் கொடுக்க வேண்டும் என்று நான் உனக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. மலையில் என்றால் காட்டு மரம் இருந்தது. இங்கே மரக்கடையில் ஒரு கம்பு வாங்கினால் போதும், மறுநாள் வீட்டு வாசலில் போலீஸ் நிற்கும், கடைக்காரனே சொல்லிவிடுகிறான். அதனால் தெருவில் எல்லோரும் வீட்டிலிருக்கிற மரத்தைக் கீழே இறக்கினார்கள். நம் வீட்டில் முதலில் கட்டில் போனது. அப்புறம் பரணுக்குப் போட்டிருந்த பலகை, துணி அலமாரி, நீ உட்கார்ந்து படித்த மேஜை, ஏணி, ஜன்னல் சட்டம், நான் மாவு பிசைகிற பலகை வரைக்கும். மேலே இருக்கிற வீடு கீழே இருக்கிற வீட்டைத் தாங்கப் போய்விட்டது. துணியெல்லாம் சாக்கில் கிடக்கிறது, சாப்பாடு தரையில், ஜன்னலுக்கு அட்டை. நான் ஒருநாள் உங்க அப்பாவிடம், ஒரு காரியம் பண்ணுங்க, எல்லாச் சாமானும் அங்கதான இருக்கு, நாமளும் கீழயே குடி போயிடலாம் என்றேன். சிரித்தார். அவர் சிரித்தால் எனக்குக் கோபம் பாதி போய்விடும், அது அவருக்குத் தெரியும். கடைசியாகத்தான் உன் அறைக் கதவைக் கழற்றினார். பழைய சுரங்கத்தில் ஒரு இடத்தில் மேல் மண் பொலபொலவென்று உதிர்ந்துகொண்டே இருந்தது, குச்சி முட்டு அதற்குப் போதாது, அகலமாக ஏதாவது வேண்டும் என்று கதவைக் கொண்டுபோய் மேலே படுக்கப் போட்டு, அலமாரிக் காலைக் கொடுத்து நிறுத்தினார். அந்த இடம் அதோடு அடங்கியது.

தெருவில் ஒரு பழக்கம் உண்டு, கீழே இறக்கின மரத்தை யாரும் திரும்ப எடுக்க மாட்டார்கள். கல் தீர்ந்துபோன சுரங்கமாக இருந்தாலும் சரி, பக்கத்து வீடு அதன் மேல்தானே நிற்கிறது. அதைக் கண்டிப்பாகச் சொன்னவரே உங்க அப்பாதான். எதிர்வீட்டில் ரேடியோக்காரன் என்று ஒருத்தன் இருக்கிறான், தெருவிலேயே அதிக சத்தமாகப் பாட்டு வைப்பவன், அவன் ஒரு தடவை விறகுக்கு என்று ஒரு முட்டுக் கம்பை உருவினான், அன்றைக்குச் சாயங்காலமே அவன் வீட்டு அடுப்பு கொதிக்கிற பாத்திரத்தோடு தரைக்குள் இறங்கிவிட்டது. தெருவே கூடி நின்று சிரித்தது. உங்க அப்பா சிரிக்கவில்லை, அவனைப் பிடித்து, உனக்கு மூளைன்னு ஒண்ணு இருக்கா, கீழ போன மரம் செத்துப்போன மாதிரிடா, அதைத் தொடாதே என்று வாங்கு வாங்கென்று வாங்கினார். நானே என் மாவுப் பலகையைக் கேட்டு எத்தனை நாள் சண்டை போட்டிருக்கிறேன். அசையவில்லை மனுஷன்.

இதெல்லாம் உனக்குத் தெரியாது, தெரியக்கூடாது என்று அவர் சொல்லிவிட்டார். தோண்டுகிறோம் என்று உனக்குத் தெரியும், எதை வைத்துத் தோண்டுகிறோம் என்று தெரியாது. நீ போனில் முகம் பார்த்துப் பேசும்போதெல்லாம் நாங்கள் பச்சைச் சுவர் முன்னால்தானே உட்கார்ந்திருப்போம், கவனித்திருக்கிறாயா. வீட்டில் உருப்படியாக இருந்தது அந்த ஒரு சுவர்தான். அதில் ஒரு காலண்டரை மாட்டி, நான் தலையை வாரிக்கொண்டு, தம்பி போனை ஆடாமல் பிடித்துக்கொண்டு, பெரிய சினிமாப் படப்பிடிப்புதான் போ. நீ ஒருநாள் என் ரூமக் காட்டுங்க என்றாய், அன்றைக்கு அப்பா சிக்னல் இல்ல, சிக்னல் இல்ல என்று கத்திக்கொண்டே போனை அணைத்தாரே, நினைவிருக்கிறதா. அவனுக்குத் தெரிஞ்சா காசை அங்க வாயைக் கட்டி வயித்தைக் கட்டி அனுப்ப ஆரம்பிச்சுடுவான், புதுசாக் கல்யாணம் ஆனவன், நல்லா இருக்கட்டும் என்பார். நல்லாத்தான் இருந்தோம்.

அப்போதுதான் நீ அந்தப் போன் பண்ணினாய். லீவு கிடைத்துவிட்டது, அவளையும் கூட்டிக்கொண்டு வருகிறேன் என்றாய். உங்க அப்பா முகத்தை நீ பார்த்திருக்க வேண்டும், போன் காதில் இருந்ததால் நீ பார்க்கவில்லை. என்னப்பா வேணும், என்ன பண்ணி வைக்கட்டும் என்று கேட்டார். நீ, ஒண்ணும் வேணாம்பா, அவளுக்குத் தாழ்ப்பாள் போட்ட ரூம்ல படுத்துத்தான் பழக்கம், அந்தப் பழைய கொக்கி லூசா இருக்கும், கதவுக்கு ஒரு தாழ்ப்பாள் மட்டும் போட்டு வைங்க என்றாய். அவ்வளவுதான் நீ கேட்டது. அதற்கு மேல் ஒரு வார்த்தை கேட்கவில்லை, அதை நானே சாட்சி சொல்வேன். அவரும், இதென்னப்பா பெரிய விஷயம், இன்னிக்கே போட்டுடறேன் என்று சொல்லிவிட்டுப் போனை வைத்தார். வைத்துவிட்டு உன் அறை வாசலில் போய் நின்று, கதவில்லாத நிலையைத் தடவிப் பார்த்துக்கொண்டு நின்றார்.

நான் சும்மா இருக்கவில்லை. கனமாக ஒரு திரை தைத்துப் போடலாம், தையல்காரர் எதற்கு இருக்கிறார் என்றேன். வந்த மருமகளைத் திரைக்குப் பின்னால படுக்க வைக்கணுமா, மானம் போயிடும் என்றார். உண்மையைச் சொல்லிவிடுவோம், பிள்ளைதானே, ஊரானா என்றேன். அதுக்குத்தான் வேணாங்கிறேன் என்றார். வேறு கதவு எங்காவது பழையது வாங்கலாம் என்று தம்பி சொன்னான். அதற்கு ஒரு பதில் வைத்திருந்தார் பார், அவன் உதைச்ச பள்ளம் அந்தக் கதவுல இருக்குடா, வேற கதவு போட்டா வந்த உடனே கண்டுபிடிச்சுடுவான் என்றார். நீ விளையாடப் போக விடவில்லை என்று கோபத்தில் எட்டி உதைத்தாயே, அந்தப் பள்ளம். அன்றைக்கு உன்னை அடிக்க ஓடிவந்த மனுஷன் இன்றைக்கு அதை அடையாளமாக வைத்துக்கொண்டு பேசுகிறார். மறுநாள் கடைத்தெருவுக்குப் போய்ப் பளபளவென்று ஒரு தாழ்ப்பாள் வாங்கி வந்தார். கதவே இல்லை, தாழ்ப்பாள் வந்துவிட்டது. நானும் சிரித்துவிட்டேன், எதை மாட்டுறதா உத்தேசம், என் கழுத்துலயா என்று கேட்டேன். எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

அடுத்த நாள் காலையில் சாப்பிட்டு முடித்து, சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு, தம்பியைக் கயிறு பிடிக்கச் சொல்லி இறங்கினார். வழக்கம்போலப் புது சுரங்கத்துக்குத்தான் போகிறார் என்று நான் பையை எடுத்துக்கொண்டு காற்று விட வந்தேன். காத்து வேணாம், ஒரு நிமிஷ வேலைதான் என்று கீழே இருந்து குரல் வந்தது. பையைக் கீழே வைத்துவிட்டுக் குழி வாயில் குனிந்தேன். என்னங்க, அந்தப் பக்கம் போறீங்களா என்றேன். மண் மூட்டையா அடுக்கி நிறுத்திட்டேன், கதவை மட்டும் உருவிடறேன், அங்க யாரு இனிமே போகப்போறா என்றார். ரேடியோக்காரனைத் திட்டின அதே வாய். வேண்டாங்க, மேல வாங்க என்று கத்தினேன், பக்கத்து வீட்டுப் பாட்டுச் சத்தத்தில் எனக்கே என் குரல் கேட்கவில்லை. குழிக்கு இருப்பது ஒரே கயிறு. ஆள் இறங்கும்போது இடுப்பில் கட்டுவது, கல் ஏறும்போது மூட்டையில் கட்டுவது. அன்றைக்கு அதை அவிழ்த்துக் கதவில் கட்டினார். கட்டிவிட்டு இழுடா என்றார், தம்பி இழுத்தான், அவர் கீழிருந்து தள்ளிக் கொடுத்தார். கதவு முதலில் முனை தெரிந்தது, அப்புறம் பாதி, அப்புறம் முழுசாக மேலே வந்துவிட்டது. வந்துடுச்சுப்பா என்றான் தம்பி. பார்த்து வைடா, சுவத்துல இடிச்சுடாத என்றார். அதுதான் அவர் கடைசியாகப் பேசியது. தம்பி கதவைச் சுவரில் சாய்த்து வைத்துவிட்டுத் திரும்பினான், குழி வாயிலிருந்து புழுதி கிளம்பியது. பெரிய சத்தம் எல்லாம் ஒன்றும் இல்லை. மூட்டையிலிருந்து அரிசி கொட்டுகிற மாதிரி ஒரு சத்தம், கொஞ்ச நேரம் கொட்டிக்கொண்டே இருந்தது, நின்றது. கயிறு கதவில் கட்டியபடியே இருந்தது.

தெரு முழுக்க வந்தது, குறை சொல்ல மாட்டேன். பாட்டையெல்லாம் அணைத்துவிட்டு ஓடி வந்தார்கள், ஆள் மாற்றி ஆள் இறங்கிக் கையாலும் தட்டாலும் மண்ணை வாரினார்கள். உள்ளே ஒருத்தர்தான் குனிந்து வார முடியும், மற்றவர்கள் வீடு நிறைய நின்று பெருமூச்சு விட முடியும். ஆபத்துக்கு வருகிறவர்களுக்குப் போன் பண்ணுங்கள், அவர்களிடம் மெஷின் இருக்கிறது என்று நான் கேட்டேன். யாரும் போனை எடுக்கவில்லை. தையல்காரர்தான் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, அக்கா, அவங்க வந்தா இந்தக் குழியோட போகாது, வீட்டுக்கு வீடு பார்ப்பாங்க, தெருவுல ஒரு அடுப்பும் எரியாது, நாங்களே எடுத்துடறோம் என்றார். நல்ல மனுஷன், குரல் கூட உயர்த்தவில்லை. தம்பி என் போனைப் பிடுங்கி நம்பரைப் போடப் போனான், நாலு பேர் அவன் கையைப் பிடித்துக்கொண்டார்கள், அடிக்கவில்லை, சும்மா பிடித்துக்கொண்டார்கள். மறுநாள் மத்தியானம் எடுத்தார்கள். உடம்பில் ஒரு காயம் இல்லை. காயம் இல்லாவிட்டால் எத்தனை நேரம் உயிரோடு இருந்திருப்பார் என்று நான் யாரையும் கேட்கவில்லை, நீயும் கேட்காதே. வீட்டுச் சுவர் விழுந்து இறந்தார் என்று ஆஸ்பத்திரியில் எழுதிக்கொண்டார்கள். எழுதின டாக்டர் அந்த ஒரு மாதத்தில் எத்தனை சுவர் விழுந்தது என்று பார்த்திருப்பார், அவரும் ஒன்றும் கேட்கவில்லை.

உனக்கு லீவை முன்னால் தள்ளிக் கொடுக்கவில்லை, டிக்கெட் கிடைக்கவில்லை, நீ போனில்தான் பார்த்தாய். தம்பி போனைப் பிடித்தான், இந்தத் தடவை போன் ஆடியதில் உனக்கு முகம் கூடச் சரியாகத் தெரிந்திருக்காது. தெரியாமல் போனதே நல்லது. நீ வரவில்லை என்று எனக்கு உன் மேல் கோபமா என்று கேட்டாய். இருக்கிறது. உன் மேல், அவர் மேல், தையல்காரர் மேல், வேலி போட்டவன் மேல், இந்தக் கல்லைத் தராசில் போட்டு ஈரமாக இருக்கிறது என்று பாதிக்கு வாங்கிப் போகிறவன் மேல், எல்லோர் மேலும் இருக்கிறது, ஒருத்தரையும் விடவில்லை. உன் பங்கு அதில் சின்னது, பயப்படாதே. ஒரு தாழ்ப்பாள் கேட்பது குற்றம் இல்லை. கேட்ட வீடுதான் அப்படிப்பட்ட வீடு, அதை உனக்குக் காட்டாமல் வைத்தது நாங்கள். உன் மனைவியிடம் இதைச் சொல்லாதே. அந்தப் பெண் என்ன பாவம் செய்தாள், ராத்திரி கதவைச் சாத்திக்கொண்டு படுப்பது ஒரு ஆசையா. அவள் போனில் என்னிடம் அழுதாள், மொழி பாதி புரியவில்லை, அழுகை புரிந்தது. நல்ல பெண், கோபத்தில் அவளை ஒரு வார்த்தை சொல்லிவிடாதே, உனக்கு உங்க அப்பா வாய்.

இனி தம்பியைப் பற்றி. வெளியே பார்த்தால் சாதாரணமாக இருக்கிறான், சாப்பிடுகிறான், தண்ணீர் எடுத்து வருகிறான், என்னை அதட்டிக்கூடப் பேசுவதில்லை. ஆனால் திடீரென்று, கதவை நான்தாம்மா இழுத்தேன் என்கிறான். அப்பா சொல்லித்தானேடா இழுத்த என்றால், இல்லம்மா, கயித்தை முதல்ல அவரு இடுப்புல கட்டச் சொல்லியிருக்கணும் என்கிறான். தினமும் இதே பேச்சு, நானும் தினமும் இதே பதில். அதோடு நின்றால் நான் உன்னைத் தொந்தரவு செய்ய மாட்டேன். புது சுரங்கத்தின் முடிவில் அப்பா போவதற்கு முந்தின வாரம் நல்ல கல்லைப் பார்த்துவிட்டு வந்தாராம், கை அகலத்துக்குக் கறுப்பாக, ஈரமாக, அப்படியே நிற்கிறதாம். அதை விடக்கூடாது, அப்பா உயிரைக் கொடுத்தது வீணாகிவிடும் என்கிறான். உயிரைக் கொடுத்தது கல்லுக்கு இல்லடா, கதவுக்கு என்று சொன்னேன். கேட்டுவிட்டு, போய்க் குழியை எட்டிப் பார்த்தான். இதில் தையல்காரர் வேறு ஆளனுப்பியிருக்கிறார், பங்கு போட்டுக்கொள்ளலாம், கயிறு நானே பிடிக்கிறேன் என்று. கயிறு பிடிக்க வருகிறாராம். அன்றைக்கு ஒரு போனைப் பிடிக்க வராத கை. வந்த ஆளிடம் நான் பேசின பேச்சை எழுதினால் தபால்காரர் கடிதத்தைத் திருப்பிக் கொண்டுவந்துவிடுவார்.

குழியை மூடிவிடேன் என்பாய். எதை வைத்து மூட. தோண்டின மண்ணையெல்லாம் மூட்டை மூட்டையாக ஆற்றில் கொட்டியாகிவிட்டது. வண்டியில் மண் வாங்கி இறக்கினால் தெருவே மாட்டிக்கொள்ளும் என்று கை கால் பிடிக்காத குறையாகத் தடுக்கிறார்கள். போலீஸுக்கு நானே சொல்லிவிடுவேன், சொன்னால் முதலில் பிடித்துக்கொண்டு போவது உன் தம்பியைத்தான். அதனால் எனக்குத் தெரிந்ததைச் செய்தேன். அவன் ஆஸ்பத்திரியில் காகிதம் வாங்கப் போயிருந்த நாள் பார்த்து ஒரு கொத்தனாரைக் கூப்பிட்டேன், வெளித்தெருக்காரர், வாயைத் திறக்காதவர். குழி வாயைச் சுற்றி இரும்புச் சட்டம் வைத்துச் சிமெண்ட் பூசி, சுவரில் சாய்ந்து கிடந்த அந்தக் கதவைத் தரையில் படுக்கப் போட்டுக் கீல் வைக்கச் சொன்னேன். அந்தக் கதவை உன் அறையில் மாட்ட எனக்கு மனம் வரவில்லை, உடைத்து எரிக்கவும் வரவில்லை. நீ உதைத்த பள்ளம் மேல் பக்கமாகத்தான் இருக்கிறது. ஆணியில் மாட்டின சட்டை மாட்டினபடியே தொங்கியது, பையில் கைவிட்டேன், அந்தத் தாழ்ப்பாள் சுற்றின காகிதத்தோடு அப்படியே இருந்தது. அதையும் எடுத்துக் கொடுத்தேன். இழுத்துப் போட்டால் நன்றாகத்தான் விழுகிறது, நல்ல சாமான், ஏமாறாமல் பார்த்துத்தான் வாங்கியிருக்கிறார். அதற்கு ஒரு பூட்டு, சாவி என் இடுப்பில். மேலே என் பாய்.

அவன் திரும்பி வந்து பார்த்தான். சண்டை போடுவான் என்று நினைத்தேன், போட்டால் தேவலை. பக்கத்தில் உட்கார்ந்து, எத்தன நாளைக்கும்மா என்றான். அவ்வளவுதான். அதற்கப்புறம் நான் கேட்காமலே சாப்பாடு கொண்டுவந்து வைக்கிறான், மாத்திரை எடுத்துக் கொடுக்கிறான், காலை அமுக்கி விடுகிறான். நான் குளிக்கப் போனால் அறை வாசலில் நிற்கிறான். நான் அயர்ந்து போவதற்காகக் காத்துக்கொண்டிருக்கிறான், அம்மாவை இழுத்துத் தள்ளிவிட்டு இறங்குகிற பிள்ளை இல்லை, அது ஒன்றுதான் இப்போதைக்கு எனக்கு இருக்கிற பலம். பூட்டை உடைக்க அவனுக்கு ஒரு கடப்பாரை போதும், அதுவும் எனக்குத் தெரியும். எனக்கு வயதாகிறது, முழங்கால் வேறு, ஒரு காய்ச்சல் வந்து யாராவது என்னை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போனால் தீர்ந்தது கதை.

அதனால் அழுவதை நிறுத்திவிட்டு எழுந்து போய் உன் மானேஜரிடம் கேள். மூட்டை தூக்குகிற வேலையானாலும் சரி, கூட்டுகிற வேலையானாலும் சரி, வெளிச்சமும் காற்றும் இருக்கிற வேலை எதுவானாலும் அவன் செய்வான். இல்லை என்றால் வேறு இடத்தில் கேள், அங்கேயும் இல்லை என்றால் உன் மனைவி வீட்டாரிடம் கேள், வெட்கப்படாதே. நான் எப்படித் தனியாக இருப்பேன் என்று ஒரு சாக்கு சொல்லாதே, நான் இருந்துகொள்வேன். நீ கூப்பிட்டால் அவன் வருவான், அண்ணன் சொல்லை அவன் தட்டியதில்லை. அம்மாவுக்காக வா என்று சொல்லாதே, எனக்கு இங்கே துணைக்கு ஆள் வேணும்டா, வா என்று உனக்காகக் கேள், அதற்குத்தான் மசிவான்.

இருமலுக்கு டாக்டரைப் பார்க்க மறக்காதே. மருமகளை நான் விசாரித்ததாகச் சொல். நீங்கள் இருவரும் நூறு வயது ஒரு குறையும் இல்லாமல் வாழ வேண்டும், உங்கள் பிள்ளைகள் மண்ணுக்கு மேலேயே பிழைக்க வேண்டும், அதுதான் என் ஆசீர்வாதம், அப்பாவுடையதும் சேர்த்து. நீ கேட்டபடி கதவுக்குத் தாழ்ப்பாள் போட்டாகிவிட்டது. அதன் மேல் உட்கார்ந்துதான் இதை எழுதுகிறேன். நான் எழுந்திருப்பதற்குள் அவனைக் கூப்பிட்டுவிடு.

இப்படிக்கு,
உன் பதிலுக்காக உட்கார்ந்திருக்கும்
அம்மா